என் முப்பத்தோராண்டை நீ எழுதிக்கொடுத்தது

அன்பு மகனுக்கு, அம்மா எழுதுவது. இறைவன் அருளால் கண்பார்வையும் கைநடுக்கமும் சென்ற மாதம் இருந்த அளவிலேயே இருக்கின்றன. நீயும் மருமகளும் குழந்தையும் குறைவின்றி இருக்க இன்று காலையும் வேண்டிக்கொண்டேன். தொலைபேசியில் சொன்னால் நீ நடுவே புகுந்து என்னைச் சமாதானப்படுத்திவிடுவாய். கடிதத்தில் உனக்கு அந்த வழி கிடையாது என்பதால் எழுதுகிறேன்.

செவ்வாய்க்கிழமை வானொலி நிலையத்தில் ஓய்வூதிய விசாரணை நடந்தது. புல்லாங்குழல்காரர், பாடகி அக்கா, நான் மூவரும் ஒரே மனுவில் கையெழுத்திட்டவர்கள். முப்பத்தோராண்டு வாசித்தும் பாடியும் வந்த எங்களை ஊழியர் என்று ஏற்க வேண்டும் என்பதே எங்கள் கோரிக்கை. அங்கே நடைமுறை உனக்குத் தெரியும். மூன்று மாதம் ஒப்பந்தம், பிறகு ஒரு நாள் இடைவெளி, மறுநாள் புது ஒப்பந்தம். தொடர்ந்து வேலை செய்தோம் என்று நாங்கள் சொல்லிவிடக் கூடாது என்பதற்காகவே வைத்த இடைவெளி அது. ஆனால் காலை வழிபாட்டு நிகழ்ச்சி நேரடி ஒலிபரப்பு ஆயிற்றே, அதை எப்படி ஒரு நாள் நிறுத்துவது? அந்த நாளிலும் வயலினைத் தூக்கிக்கொண்டு போவேன். ஒப்பந்தம் இல்லாதவள் என்பதால் வாசலில் பார்வையாளர் ஏட்டில் கையெழுத்திட்டால்தான் உள்ளே விடுவார்கள். வந்த காரணம் என்ற கட்டத்தில் ஒவ்வொரு முறையும் இறைபணி என்று எழுதினேன். பக்தி என்று அன்று நினைத்தேன், அகங்காரமும் அதில் பாதி இருந்தது. ஓய்வூதிய அதிகாரி அந்தப் பழைய ஏட்டைத்தான் முதலில் விரித்தார். உன் வயதுதான் இருக்கும் அவருக்கு. "நீங்க வேலைக்கு வரலம்மா, சாமி கும்பிட வந்திருக்கீங்க. உங்க கையெழுத்துதானே இது?" என்றார். குழல்காரர்தான் பையிலிருந்து ஒரு தாளை எடுத்து மேசையில் வைத்து, "சாமி கும்பிட வந்தவங்க நாலு நிமிஷம் லேட்டுன்னு மெமோ குடுப்பீங்களா சார்?" என்று கேட்டார். அப்படியோர் இடைவெளி நாளில் மழையில் நனைந்து தாமதமாக வந்த எங்கள் இருவருக்கும் நிலையம் கொடுத்த மெமோ அது. விசாரணைத் தலைவி அதை இரண்டு முறை படித்தார். அதிகாரி குடித்த தண்ணீர் புரையேறிற்று.

அந்த மகிழ்ச்சி கால் மணி நேரம்தான் நிலைத்தது. அதிகாரி கணினியை எங்கள் பக்கம் திருப்பினார். "அதெல்லாம் சரிம்மா. நான் ஊழியர் இல்ல, கௌரவக் கலைஞர்தான்னு போன மாசம் நீங்களே ஆன்லைன்ல உறுதிமொழி குடுத்துட்டீங்களே" என்றார். மூவர் மனுவும் ஒன்றாகையால் ஒருவர் விலகினால் மொத்தமும் விழும். பாடகி அக்கா என்னைப் பார்த்த பார்வையை நீ பார்த்திருக்க வேண்டும். "ஏன்டி, இப்படி எங்களை நட்டாத்துல விட்டுட்டியே" என்றாள். அப்போதுதான் எனக்கு நினைவு வந்தது, மருத்துவ அட்டையைப் புதுப்பிக்கிறேன், போனில் வரும் எண்ணை வாசி என்று நீ கேட்டதும், நான் பாராயணம் செய்வதுபோல் ஒவ்வோர் இலக்கமாக வாசித்ததும்.

அன்று மாலை உன்னைக் கேட்டபோது நீ மறுக்கக்கூட இல்லை. "எதுக்கும்மா இந்த வயசுல அலையுற, நான் பாத்துக்க மாட்டேனா? எங்க கம்பெனியில நானே மாசம் பத்துப் பேர்கிட்ட ஊழியர் இல்லன்னு இதே மாதிரி ஃபாரத்துல கையெழுத்து வாங்குறேன்" என்றாய். வாங்குவாய். பெற்ற பிள்ளை போடும் சோற்றைத் தின்ன எனக்கு வெட்கமில்லை. அந்தக் கட்டடத்துக்கு நான் வேடிக்கை பார்க்கப் போனவள் என்று என் பெயரில் பொய் எழுத உனக்கு எவன் அதிகாரம் கொடுத்தான்? பொய்ச்சாட்சி சொல்பவனுக்கு என்ன கதி என்று அறநூல்கள் சொல்வதைப் பத்து வயதில் பிழையில்லாமல் ஒப்பித்தவன் நீ. பெற்றவள் பேரில் செய்துபார்க்கத்தான் அவ்வளவு பாடமும் கேட்டாயோ?

இருபதாம் தேதிக்குள், உறுதிமொழி எனக்குத் தெரியாமல் கொடுக்கப்பட்டது என்பதற்குச் சான்று வேண்டும் என்று தலைவி சொல்லியிருக்கிறார். ஆகவே வழக்கறிஞர் முன்னிலையில் நீ சத்தியக் கடிதம் எழுதி அனுப்பு. மருத்துவ அட்டை என்று பொய் சொன்னதை விட்டுவிடாதே, அதுதான் முக்கியம். "அத்தை, இது வெளியில தெரிஞ்சா அவர் வேலைக்கே ஆபத்து" என்று மருமகள் முந்தாநாள் அழுதாள். அவள் அழுகை என்னை இரண்டு நாளாக வழிபாட்டில் மனம் ஒன்றவிடவில்லை. இருந்தும் என் பிள்ளையின் வேலைக்காக மற்ற இருவரின் முதுமையை நான் எடுத்துக் கொடுக்க முடியாது. நீ எழுதாவிட்டால் நடந்ததை நானே சொல்வேன், உன் உத்தியோகம் இன்னதென்பது உட்பட. அந்த வாக்குமூலத்தை எழுதிக் கையெழுத்திட்டுப் பாடகி அக்காவிடம் கொடுத்துவிட்டேன். கடைசி நேரத்தில் எனக்கு மனம் இளகும், அவளுக்கு இளகாது.

கசந்தாலும் இதைப் பின்னால் நன்மை தரும் வாயுறை வாழ்த்தாகவே கொள். மருமகளுக்கும் குழந்தைக்கும் என் முழு ஆசி. உனக்கானது உன் கடிதம் வந்த பிறகு. தபால் பத்து நாள் எடுக்கும், கணக்குப் பார்த்து அனுப்பு.

இப்படிக்கு,
உன் அம்மா,
வானொலி நிலைய ஊழியர், ஓய்வு.