எழுதாமல் விட்ட கடைசிக் காட்சி

பாசத்திலும் அதட்டலிலும் குறை வைக்காத என் அண்ணாவுக்கு,

நீ போய் எட்டு மாதம் ஆகிறது. காட்டுப்பாக்கம் வீட்டைக் காலி செய்து, உன் புத்தகங்களை முகப்பேரில் என் ஃப்ளாட்டுக்கே கொண்டு வந்துவிட்டேன். பள்ளிக்கூட ஆபீஸில் வேலை முடித்து, பஸ்ஸில் நின்றபடியே வந்து கதவைத் திறந்தால் கூடம் முழுக்க உன் அட்டைப்பெட்டிகள். பிரித்து அடுக்க எனக்குத் தெம்பில்லை.

இருபத்தாறு வருடம் சினிமாவுக்குத் திரைக்கதை எழுதினாய். எழுதினாய் என்றா சொல்வது? நீ நடந்துகொண்டே சொல்வாய், நான் உட்கார்ந்து எழுதுவேன். என் ஞாயிற்றுக்கிழமைகள் எல்லாம் அப்படித்தான் போயின. "எந்தப் பொம்பள இப்படிப் பேசுவா?" என்று கேட்டால், "அப்ப நீயே சொல்லு" என்பாய். நான் சொன்னது அப்படியே திரையில் வரும்.

ஒருமுறை உன் கதை ஒன்றின் கடைசிக் காட்சியை யாரோ திருடிவிட்டார்கள். அன்றிலிருந்து எந்தக் கதைக்கும் முடிவை எழுத விடமாட்டாய். கடைசிப் பக்கத்தில் "நேரில் சொல்கிறேன்" என்று மட்டும் போடச் சொல்வாய். தயாரிப்பாளருக்கு எதிரில் உட்கார்ந்துதான் வாயைத் திறப்பாய். என்னிடம்கூடச் சொன்னதில்லை. இப்படித் திடீரென்று போவாய் என்று யாருக்குத் தெரியும்?

போன மாதம் குமரன் வந்தான். உன்னிடம் உதவியாளராக இருந்தவன், இப்போது டைரக்டர். "அக்கா, உங்க அண்ணன் கடைசியா எழுதின கதைக்குத் தயாரிப்பாளர் ரெடியா கீறாரு. கிளைமாக்ஸ்தான் இல்ல. அண்ணாத்தே உங்ககிட்ட இன்னா சொன்னாரு?"

அந்தக் கதை பெட்டியிலேயே கிடந்துவிடுமோ என்று பயம். மனதில் வந்ததைச் சொன்னேன். ஓடிப்போன மகன் திரும்பி வருகிறான். அம்மா சோறு போடுகிறாள், ஆனால் மன்னிக்கவில்லை. குமரன் கண்ணைத் துடைத்துக்கொண்டான். "அண்ணாத்தே அண்ணாத்தேதான்க்கா!" அது என் முடிவு என்று நான் சொல்லவில்லை.

நேற்று டைட்டில் கார்டை வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தான். கதை, திரைக்கதை, வசனம் எல்லாவற்றுக்கும் உன் பெயர் மட்டும். எத்தனை படத்தில் உன் பெயரைப் போடாமல் விட்டார்கள், எத்தனை நாள் நீ சாப்பிடாமல் படுத்தாய், எனக்குத் தெரியும். சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். அழுகைதான் வந்தது. இத்தாலியப் படங்கள் என்றால் உனக்குப் பைத்தியம். "அங்கெல்லாம் ஒரு கதைய ஆறு பேர் சேர்ந்து எழுதுவாங்க, ஆறு பேர் பேரையும் போடுவாங்க" என்று என்னிடமே எத்தனை முறை சொல்லியிருப்பாய்! எதிரில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருந்தவளை ஒரு தடவையாவது நினைத்தாயா, அண்ணா?

இன்று காலை குமரனுக்குப் போன் செய்து உண்மையைச் சொன்னேன். "இத்த ஏன்க்கா அன்னிக்கே சொல்லல?" என்றான்.

"இருபத்தாறு வருஷமா சொல்லலப்பா" என்றேன்.

கோபித்துக்கொள்ளாதே. உன் பெயரை எடுக்க யாரையும் விடமாட்டேன். அது முதல் வரியில் இருக்கும். அடுத்த வரி என்னுடையது. படம் வெளியாகும் அன்று முதல் காட்சிக்குப் போய், இரண்டு பெயரையும் வாய்விட்டுப் படித்துவிட்டுத்தான் உட்காருவேன்.

உன் தங்கை, உன்னோடு எழுதியவள்,
சுகுணா