கினுவே வீட்டு மாப்பிள்ளை

அம்மாவுக்கு யசூஜி வணங்கி எழுதுவது. அங்கே பனி உருகியிருக்கும். முழங்கால் வலி எப்படி இருக்கிறது? வயலில் இறங்காதீர்கள் என்றால் கேட்கவா போகிறீர்கள்.

கினுவே போய் நாற்பத்தொன்பதாம் நாள் சடங்கு குறையில்லாமல் முடிந்தது. அண்ணன் வந்து நின்றது பெரிய ஆறுதல். அவர் கிளம்பிய மறுநாளே மாமனார் என்னைக் கூப்பிட்டு உட்காரவைத்தார். "எங்க ஹனவோகா குடும்பப் பேரை எடுத்துக்கிட்டு வீட்டோட மாப்பிள்ளையா வந்தே. அஞ்சு வருஷம் மாடா உழைச்சே. உன்னை எப்படிப்பா அனுப்புவேன்? மிசாவோவைக் கட்டிக்கோ, அவளும் என் பொண்ணுதானே" என்றார். பட்டுப்புழு முட்டை பொரிவதற்குள் கல்யாணமாம். நல்ல மனிதர். திட்டியிருந்தால் பதில் சொல்வது சுலபமாக இருந்திருக்கும்.

மிசாவோ கினுவேயின் தங்கை. தச்சர் வீட்டு மூன்றாவது மகன் கென்சபுரோவும் அவளும் விரும்புவது மாமனாரைத் தவிர ஊருக்கே தெரியும். நேற்று புழுத் தட்டுகளைக் கழுவும்போது அவளிடமே கேட்டேன். தலை நிமிராமல், "நீங்க சரின்னா நானும் சரின்னுடுவேன் அத்தான். அதான் பயமா இருக்கு" என்றாள்.

இனி அவள்தான் வாரிசு, வீட்டை விட்டுப் போக முடியாது. நான் விலகினால் கென்சபுரோ என் இடத்துக்கு மாப்பிள்ளையாக வருவான். வரத் தயார் என்று என்னிடமே சொல்லிவிட்டான், பாவம், முகத்தைப் பார்க்காமல்.

ஆக, போக வேண்டியவன் நான்தான். குடும்பப் பதிவேட்டிலிருந்து என் பெயரை எடுத்துவிடுவார்கள். அது போகட்டும். நாளைக்கு நான் செத்தால், கினுவேயின் சாம்பல் இருக்கும் ஹனவோகா சமாதியில் எனக்கு இடமில்லை அம்மா. அதை நினைத்துத்தான் பத்து நாளாகச் சோறு இறங்கவில்லை. இங்கே எல்லோரும் அன்பாகத்தான் இருக்கிறார்கள். அவள் இல்லாமல் நான் யாருக்கு என்னவாக வேண்டும் என்றுதான் தெரியவில்லை.

இருந்தாலும் முடிவு செய்துவிட்டேன். கினுவேயின் முகச்சாயல் உள்ள பெண்ணை அழவைத்துவிட்டு நான் வாழ முடியாது.

வீடு இப்போது அண்ணனுடையது. அண்ணியிடமும் ஒரு வார்த்தை கேளுங்கள். எனக்குப் படுக்க மாட்டுக்கொட்டகைப் பரண் போதும். நடவு வேலை முழுக்க நான் பார்த்துக்கொள்கிறேன். முடியாது என்றால் அண்ணன்மேல் கோபப்படாதீர்கள்.

நான் மாப்பிள்ளையாகப் புறப்பட்ட அன்று, திரும்பி வரக்கூடாது என்று வழக்கப்படி என் சோற்றுக் கிண்ணத்தை வாசலில் போட்டு உடைத்தீர்கள். வரும்போது வேறு கிண்ணம் கொண்டு வருகிறேன். அதில் சோறு போடுவீர்களா அம்மா?

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள்
யசூஜி