பித்தளை அண்டாவில் வினிகர்

2004, மே 22, சனி

காலை ஒன்பதுக்கே வெயில் மண்டையைப் பிளக்கிறது. பள்ளிக்கூடம் லீவு. கேம்ப் மார்க்கெட்டில் பீச் பழம் இரண்டு பெட்டி. இங்கே ஹிந்தியில் ‘ஆடூ’ என்று கேட்டால்தான் எடுத்துக் காட்டுவான். மேலே கெட்டிப் பழம், அடியில் கொழகொழ. கொட்டிக் காட்டச் சொன்னேன். முறைத்தான். நானும் முறைத்தேன். டீச்சரிடம் முறைத்து ஜெயிக்க முடியுமா? கொட்டினான்.

ஆட்டோக்காரன் வீடு இருக்கிற கட்கிக்கு வரமாட்டானாம், பெட்டி ஒழுகுமாம். மூன்றாவது ஆட்டோ வந்தது.

வருடம் எட்டுப் பாட்டில் மசாலா பீச் போடுவேன். பழைய ஹெட்மிஸ்ட்ரஸ் செய்வதைப் பார்த்துப் பிடித்துக்கொண்டது. ஸ்டாஃப் ரூமில் அதற்குச் சண்டையே நடக்கும். இந்த வருடம் நாற்பது பாட்டில். அண்ணியின் யோசனை. ஜூன் 13 வாகடில் அண்ணன் மகன் சுரேஷின் ஃபிளாட்டுக்குக் கிரகப்பிரவேசம். வருகிறவர்களுக்குத் தாம்பூலப் பையோடு ஒரு பாட்டில்.

“கடையில வாங்கித் தந்தா மரியாதையா இருக்காது விஜயா. உன் கை பட்டா அதுவே தனி.” வேலை இருக்கும்போது மட்டும் என் கைக்கு இந்த மரியாதை.

பரவாயில்லை. செய்கிறேன். அண்ணன் ஜூனோடு ரிடையர், பேக்டரி குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டும். ஃபிளாட்டில் மூன்று ரூம். அண்ணன், அண்ணிக்கு ஒன்று. சுரேஷுக்கு ஒன்று. எனக்கு ஒன்று. அம்மா போன பிறகு இந்த வீட்டுக்கு வந்தவள், அன்றிலிருந்து கூடத்தில் மடக்குக் கட்டில். எல்லோரும் டி.வி. பார்த்து முடித்தால்தான் எனக்குத் தூக்கம். நாற்பத்தாறு வயதில் முதல் தடவையாகக் கதவு உள்ள அறை.

வரும்போது ஜன்னல் திரைக்குத் துணி எடுத்தேன். நீலம். யாரிடமும் காட்டவில்லை.

மே 23, ஞாயிறு

நாள் முழுக்கப் பழம். கொதிநீரில் முக்கி எடுத்துப் பச்சைத் தண்ணீரில் போட்டால் தோல் தானாகக் கழன்று வரும். பாதியாக வெட்டு, கொட்டையை எடு, ஒவ்வொரு பாதியிலும் இரண்டு கிராம்பு குத்து. கட்டை விரல் மரத்துப்போய்விட்டது.

பாகுக்கு: சர்க்கரை, வினிகர், பட்டை, சுக்கு, அன்னாசிப்பூ கொஞ்சம்.

கொதிக்கக் கொதிக்கப் பழத்தின் மேல் ஊற்றி மூட வேண்டும். மறுநாள் பாகை மட்டும் வடித்து, கொதிக்கவிட்டு, மறுபடி ஊற்ற வேண்டும். மூன்று நாள் இப்படிச் செய்தால்தான் மசாலா உள்ளே இறங்கும். அதற்குப் பிறகுதான் பாட்டில். அதற்குப் பிறகு இரண்டு மூன்று வாரம் தொடக்கூடாது.

எல்லாம் பெரிய எவர்சில்வர் அண்டாவில். வினிகர் சேர்ந்தது எவர்சில்வரில் இருக்கலாம், பீங்கானில், கண்ணாடியில் இருக்கலாம். வேறெதிலும் கூடாது என்று அண்ணியிடம் சொன்னேன். “தெரியும், தெரியும்.” முதல் தெரியும் முடிவதற்குள் டி.வி. பக்கம் திரும்பிவிட்டாள்.

அண்டா நிறைந்து கொஞ்சம் மிஞ்சியது. ஒரு காபித்தூள் பாட்டிலில் போட்டு ஜன்னலில் வைத்தேன்.

அண்ணன் வழக்கம்போல வந்தார். கரண்டியைப் புறங்கையில் தட்டி நக்கிப் பார்த்தார். “இனிப்பு சரி விஜி. கிராம்பு இன்னும் ஏறணும்.” ஒவ்வொரு வருடமும் முதல் பாட்டிலில் முதல் துண்டு அவருக்குத்தான். கேட்கமாட்டார், எடுத்துவைத்திருப்பேன்.

அண்ணி லேபிள் அடிக்கக் கொடுத்திருக்கிறாள். ‘அன்புடன், சுரேஷ் மற்றும் குடும்பம்.’

“என் பேரு?”

“நீயும் குடும்பம்தானே.”

மே 24, திங்கள்

அழுத்தி எழுதியதில் தாள் கிழிகிறது. பரவாயில்லை.

காலையில் பாகை வடித்து, கொதிக்கவிட்டு, ஊற்றி மூடினேன். சாயங்காலத்துக்குள் வந்துவிடலாம் என்று அண்ணனோடு பஸ்ஸில் வாகட். ஜன்னலுக்கு அளவெடுக்க வேண்டுமென்று நான்தான் கேட்டுப் போனேன். கைப்பையில் இஞ்ச் டேப்.

என் ரூமில் தச்சன் உட்கார்ந்திருக்கிறான். சுவர் முழுக்கப் பென்சில் கோடு. அண்ணனைப் பார்த்துக் கேட்கிறான்: “மந்திர் இஸீ கம்ரே மே நா, பாபூஜி?” சாமி மண்டபம் இந்த ரூமில்தானே என்று. அதற்குப் பக்கத்தில் கம்ப்யூட்டர் மேஜைக்கும் கோடு போட்டாயிற்றாம்.

அண்ணன் ஃபேன் மாட்டுகிற கொக்கியைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

“இன்னாணா இது?”

“அது வந்து விஜி... சுரேஷ் ஆபீஸ் வேலைய வீட்டுலயும் உக்காந்து பாக்கறான். சாமிக்கும் தனியா இடம் வேணும்னு உங்கண்ணி சொல்லிகினே இருந்தா.”

“நான் எங்க படுக்கிறது?”

“ஹால்ல பெரிய திவான் கட்டில் போடறோம். இப்ப இருக்கிற மாதிரிதானே.”

இப்ப இருக்கிற மாதிரிதானே. சாமிக்குக் கதவு உண்டு. கம்ப்யூட்டருக்குக் கதவு உண்டு. எனக்குத் திவான். அந்த சுரேஷுக்குப் பன்னிரண்டாம் வகுப்பு வரை கணக்குச் சொல்லிக் கொடுத்தவள் நான். அவனுக்குத் தெரியுமா என்று கேட்டேன். ப்ளான் போட்டதே அவன்தானாம். எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது. தெரிந்துகொண்டேதான் நாற்பது பாட்டில் போடச் சொன்னார்கள்.

இஞ்ச் டேப்பை வெளியே எடுக்கவே இல்லை. பஸ்ஸில் அவர் முன் சீட், நான் பின் சீட்.

வீட்டில் சுரேஷின் ஆபீஸ் நண்பர்கள், பிரியாணி, சிரிப்பு. ஜன்னலில் இருந்த என் ஒற்றைப் பாட்டிலை மட்டும் எடுத்து அலமாரியில் வைத்துவிட்டு, கூடத்து மூலையில் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு படுத்தேன். அண்டா பக்கம் போகவில்லை. காலையில் பார்த்துக்கொள்ளலாம்.

மே 25, செவ்வாய்

அண்டா இருந்த இடத்தில் அண்டா இல்லை. கழுவிக் கவிழ்த்திருக்கிறது, பிரியாணி வாசனையோடு. பழமெல்லாம் அம்மாவின் பித்தளை அண்டாவில், அண்ணியின் கட்டிலுக்கு அடியில்.

அண்ணி: “பிரியாணிக்குப் பெரிய பாத்திரம் வேணுமில்ல? நீ எப்போ வருவேன்னு யாருக்குத் தெரியும்? சும்மா ஒண்ணும் கவுக்கல. நீ செய்யற மாதிரியே பாகை நல்லா கொதிக்கவச்சுதான் ஊத்தினேன்.”

கொதிக்கக் கொதிக்க வினிகர். ஈயம் பூசி எத்தனை வருடம் ஆயிற்றோ அந்த அண்டாவுக்கு. ஓரத்தில் பாகு பச்சை பாரித்திருக்கிறது. ஒரு சொட்டு நாக்கில் வைத்தேன், செப்புக்காசை வாயில் போட்ட மாதிரி. துப்பினேன். பழத்தைக் கொஞ்சம் விலக்கிப் பார்த்தால், பாகு நின்ற மட்டம் வரை பித்தளை பளபளவென்று புதிதாக, அதற்கு மேல் மங்கல். கோடு கிழித்த மாதிரி.

அண்ணனைக் கூப்பிட்டேன்.

என் அண்ணன் யார்? பேக்டரியில் அமிலத் தொட்டிப் பிரிவு. பித்தளைத் தோட்டாக் குப்பிகளை அமிலத்தில் முக்கிச் சுத்தம் செய்து எடுப்பதுதான் இத்தனை வருட உத்தியோகம். பித்தளையை அமிலம் எப்படித் தின்னும் என்று சோறு தின்றுகொண்டே எங்களுக்கு வகுப்பு எடுப்பவர். அவருக்குத் தெரியாதா?

டார்ச் அடித்துப் பார்த்தார். அந்தக் கோட்டை விரலால் தடவினார். விரலை முகர்ந்தார். லுங்கியில் துடைத்துக்கொண்டார்.

நக்கிப் பார்க்கவில்லை.

கதவருகில் அண்ணி. அண்ணன் அவள் முகத்தை ஒரு தடவை பார்த்தார். பிறகு என்னிடம், “எனக்கு ஒண்ணும் தெரியலயே விஜி. இன்னொரு கொதி வந்தா சரியாப் போவும்.”

“அப்ப ஒரு துண்டு சாப்பிடுங்கணா.”

“இப்பதான் டீ குடிச்சேன்.”

கொல்லையில் குழி தோண்டி, அத்தனையையும் கொட்டி, மண் தள்ளி மூடினேன். தெரு நாய்கூடத் தின்றுவிடக் கூடாது. கிராம்பு குத்திய ஒவ்வொரு துண்டும் என் விரல். அழுகை வரவில்லை. எரிச்சல்தான்.

அண்ணி தெருவுக்கே கேட்கிற மாதிரி: “ரூம் இல்லன்னதும் வயித்தெரிச்சல். எம்புள்ள வீட்டு நல்ல காரியத்துக்குச் செஞ்சத மண்ணுல போடறா பாரு.”

சுரேஷ் பல் தேய்த்துக்கொண்டே வந்தான். “அத்தை, ரூம் மேட்டர்னா டைரக்டா என்கிட்ட பேசியிருக்கலாம்ல. எதுக்கு இப்படி வேஸ்ட் பண்ணீங்க?”

அண்ணன் உள்ளேதான் இருந்தார். செய்தித்தாள் புரட்டுகிற சத்தம் கேட்டது. ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். பித்தளை என்ற ஒரே வார்த்தை. அறை இல்லாததைக்கூட எப்படியோ முழுங்கியிருப்பேன். இதை முழுங்க முடியவில்லை.

மே 29, சனி

புழுக்கம். மழை வருகிற மாதிரி காட்டிவிட்டுப் போகிறது.

வீட்டு நிலவரம்: அண்ணி என்னோடு பேசுவதில்லை, பாத்திரங்களோடு பேசுகிறாள். சுரேஷ் ‘ஹாய் அத்தை’. அண்ணன் நான் கூடத்துக்கு வந்தால் வாசலுக்குப் போகிறார், வாசலுக்கு வந்தால் மார்க்கெட்டுக்குப் போகிறார். ஒரே நாளில் மூன்று தடவை கொத்தமல்லி வாங்கி வந்திருக்கிறார்.

குழாயடியில் எதிர் குவார்ட்டர்ஸ் கமலா, “இன்னா டீச்சர், ஒடம்பு சரியில்லியா? உங்கண்ணி சொல்லிச்சு, ஒருமாதிரி இருக்கிறீங்கன்னு.” ஒருமாதிரி. கல்யாணம் ஆகாத பொம்பளைக்குக் கோபமே வரக்கூடாது, வந்தால் அது ஒருமாதிரி.

ஒற்றைப் பாட்டிலுக்கு மூன்று கொதியும் முடித்து மூடி இறுக்கினேன். அதை ட்ரங்க் பெட்டியில் புடவைக்கு நடுவில் வைத்துப் பூட்டு.

கூட வேலை பார்க்கிற ஷோபா டீச்சருக்கு ஃபோன். கட்கி பஜாரில் அவள் வீட்டு மாடி ரூம் காலி. எனக்கு விசித்திர வியாதி ஏதாவது உண்டா என்று அவள் மாமியார் கேட்டாளாம். கோபம் மட்டும்தான் என்று சொல்லச் சொன்னேன்.

ஜூன் 9, புதன்

முதல் மழை. மழையிலேயே சாமான் மாற்றினேன். ட்ரங்க், மடக்குக் கட்டில், புத்தகம், குடை. இத்தனை வருடத்துக்கு ஒரு டெம்போவில் பாதிகூட நிறையவில்லை.

அண்ணன் பெட்டியைத் தூக்க வந்தார். வேண்டாம் என்றேன். கேட் வரை வந்து, நனைந்துகொண்டு நின்றார்.

“விஜி, கோவத்துல போவாதே.”

“வேற எதுலணா போறது?”

அண்ணி பின்னாலிருந்து பேச்சை ஆரம்பித்தாள், பதினைந்து நாளைக்குப் பிறகு: “பதிமூணாந்தேதி நேரத்தோட வந்துடு. ஆறரைக்கு முகூர்த்தம். பால் காய்ச்ச நாத்தனார்தான் வேணும்.”

அடேங்கப்பா. படுக்க வேண்டாம், பால் பொங்க மட்டும் வேண்டும்.

ரூம் சின்னது. ஜன்னல் அதைவிடச் சின்னது. திரைத்துணியில் பாதியை வெட்டித் தைத்தேன். கதவுக்கு உள்பக்கம் தாழ்ப்பாள். போட்டேன், எடுத்தேன், மறுபடி போட்டேன்.

போகக்கூடாது என்றுதான் இருக்கிறேன்.

ஜூன் 13, ஞாயிறு

போனேன்.

மழை விட்டிருந்தது. வாசலில் மாவிலை, உள்ளே பெயின்ட் வாசனை. அந்த ரூமில் சாமி மண்டபம், சின்ன கதவும் அதில் மணியும். கதவுக்குள் கதவு.

தாம்பூலப் பையில் பிளாஸ்டிக் டப்பா. கமலா எடுத்துக் குலுக்கிப் பார்த்துவிட்டு, “டீச்சர் பண்ற பீச்சு குடுப்பீங்கன்னு சொன்னீங்களே?”

அண்ணி என்னைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். “அத ஏன் கேக்கிற. மனசு சரியில்ல பாவம், எல்லாத்தையும் கொட்டிட்டா. நம்ம வீட்டுப் பொண்ணு, இன்னா பண்றது.”

அண்ணன் பட்டு வேட்டியில் பக்கத்தில்தான். தேங்காயை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினார்.

சாஸ்திரிகள் கூப்பிட்டார். “நாத்தனார் யாரும்மா? பால் வைங்கோ, நேரம் ஆறது.” புது அடுப்பு, புதுப் பாத்திரம், மஞ்சள் கட்டி, பால் ஊற்றித் தயார். அண்ணி லைட்டரை என் கையில் கொடுத்தாள். சமையலறை வாசலை அடைத்துக்கொண்டு எல்லோரும். சுரேஷ் கேமராவோடு.

லைட்டரை மேடைமேல் வைத்தேன். சத்தம் போடவில்லை, வகுப்பில் பேசுகிற குரல்தான்.

“அண்ணா, அந்தப் பழம் ஏன் கெட்டுச்சு? நீங்க சொல்லுங்க, நான் பத்த வைக்கிறேன்.”

“விஜி, இப்ப எதுக்கு...”

“நேரம் இருக்குதுணா. சொல்லுங்க.”

அண்ணி: “நல்ல நாளும் அதுவுமா இன்னா இது?” சாஸ்திரிகள் கடிகாரத்தைப் பார்த்தார். சுரேஷ், “அத்தை, ப்ளீஸ்.” நான் அண்ணனைத் தவிர யாரையும் பார்க்கவில்லை. அவர் நெற்றியில் விபூதி வியர்வையில் கரைந்து இறங்கியது. பாவமாகத்தான் இருந்தது. இருந்தும் விடவில்லை. அவர் விட்டாரா என்னை?

கடைசியில் தேங்காயைப் பார்த்துக்கொண்டு சொன்னார். “பித்தள அண்டா. ஈயம் போயிருந்துச்சு. சாப்பிட்டிருந்தா நாப்பது குடும்பத்துக்கும் வாந்தி பேதிதான். விஜி கொட்டினதுதான் சரி.”

“உங்களுக்கு எப்போ தெரியும்?”

“அன்னிக்கே.”

அண்ணி ஏதோ சொல்ல வாயெடுத்தாள், கமலா அவளையே பார்த்துக்கொண்டு நிற்கவும் தட்டில் இருந்த பூவை நகர்த்தி வைத்தாள். அடுப்பைப் பற்ற வைத்தேன். பால் கிழக்குப் பக்கமாகப் பொங்கி வழிந்தது. ரொம்ப நல்ல சகுனம் என்றார் சாஸ்திரிகள். எல்லோரும் கும்பிட்டார்கள்.

டிபன் சாப்பிடாமல் வந்தேன். பஸ் ஸ்டாப் வரை அண்ணன் பின்னாலேயே வந்தார். செருப்பு சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. பஸ் வந்தது, ஏறினேன்.

ரூமுக்கு வந்து தாழ்ப்பாள் போட்டு, ட்ரங்கைத் திறந்து, பாட்டிலை எடுத்தேன். மூடி இறுகிக் கிடந்தது, முந்தானையால் பிடித்துத் திருகினேன். பாகு தேன் நிறம். கிராம்பு நன்றாக ஏறியிருக்கிறது.

நின்றுகொண்டே மூன்று துண்டு தின்றேன். முதல் துண்டை யாருக்கும் எடுத்துவைக்கவில்லை.