அப்பா உட்கார்ந்திருந்த இடம்

அன்புள்ள தம்பிக்கு,

உனக்குக் கடிதம் எழுத எனக்கு உரிமை இருக்கிறதா என்று மூன்று நாள் யோசித்துவிட்டுத்தான் எழுதுகிறேன், பொறுத்துக்கொள். போனில் என்றால் எனக்கு நாக்கு ஒட்டிக்கொள்கிறது. உன்னைவிட ஒன்பது வயதுதான் மூத்தவள், உன் அப்பாவுக்கு வாழ்க்கைப்பட்டதால் அம்மா இடத்தில் இருக்கிறேன், அந்தக் கூச்சம் ஏழு வருடமாகியும் போகவில்லை. நானும் பாப்பாவும் உடம்புக்குக் குறைவில்லாமல் இருக்கிறோம், நீயும் அப்படியே இருக்க வேண்டும். பாப்பாவுக்கு முன்பல் ஆடுகிறது, அதை நாக்கால் தள்ளிக்கொண்டே வாய்ப்பாட்டை மறந்துவிடுகிறாள். பட்டறையில் கண்ணாடி போடாமல் வெல்டிங் வைக்காதே.

அப்பாவைக் கொண்டுபோன வேன் விபத்துக் கேஸ் என்னவாயிற்று என்று கேட்டிருந்தாய். போன வாரம் வேன் முதலாளி மைத்துனனையும் கூட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்தான். வந்தார் என்று எழுதக் கை வரவில்லை. சரக்கை இறக்கிவிட்டுத் திரும்பும்போது, வேலை முடிந்து போகிறவர்களிடம் தலைக்கு இவ்வளவு என்று வாங்கிக்கொண்டு வேனின் பின்னால் ஏற்றி வந்தவன் அவன். வக்கீல் எனக்கு விளக்கினார்: சரக்கு வண்டியில் தன் சரக்கோடு போகிறவர் இறந்தால் இன்சூரன்ஸ் கம்பெனி நஷ்டஈடு கொடுக்கும், காசு கொடுத்து ஏறிய ஆள் என்றால் கம்பெனிக்குப் பொறுப்பில்லை, முதலாளிதான் தன் கையிலிருந்து கொடுக்க வேண்டும். அதனால் அப்பா தான் செய்த மூன்று கதவுகளை ஏற்றிக்கொண்டு போக வேனை வாடகைக்குப் பிடித்தார் என்று டைப் அடித்தே கொண்டுவந்துவிட்டான். கம்பெனிப் பணம்தானே தங்கச்சி, உங்களுக்கும் சீக்கிரம் வரும், எனக்கும் தலைவலி விடும் என்றான். படித்துவிட்டுத் தருகிறேன் என்றேன். காலேஜ் போன பொண்ணு, நிதானமாப் படிக்கட்டும் என்று மைத்துனனைப் பார்த்துச் சிரித்தான். எங்கள் குடும்பத்தில் முதலில் பட்டம் வாங்கியவள் நான், அதற்காவது அது உதவட்டும் என்று நான்கு பக்கத்தை ஒரு மணி நேரம் படித்தேன். அவனுக்கு உட்காரப் பாப்பாவின் சின்ன ஸ்டூலைத்தான் போட்டிருந்தேன். முழங்கால் மோவாயில் இடிக்க உட்கார்ந்திருந்தான். கடைசியில் தாளை மடித்துக் கொடுத்து, "அவர் கையில டூல்ஸ் பைதான் இருந்துச்சு. கதவு எதுவும் இல்லை" என்றேன். சல்லிக்காசு கிடைக்காது, பார்த்துக்கொள் என்று எழுந்து போனான்.

அன்று அப்பாவோடு இறந்த கொத்தனார் வீட்டிலும் டெய்லர் வீட்டிலும் அதேபோன்ற தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டார்கள். நான் ஒருத்தி உண்மையைச் சொன்னால் அவர்கள் சொன்னதும் பொய்யாகிவிடும். டெய்லரின் மனைவி தண்ணீர்க் குழாயடியில் என்னை நிறுத்தி, உன் வீம்புக்கு என் பிள்ளைகள் பட்டினி கிடக்கணுமா என்று கேட்டாள். தலையைக் குனிந்துகொண்டேன். கம்பெனியை முதலில் கொடுக்கச் சொல்லி, பிறகு அவனிடம் வசூலித்துக்கொள்ள நீதிபதி உத்தரவு போடுவதும் உண்டாம், அப்படி நடந்தால் அவளுக்கும் கிடைக்கும். கிடைக்காமலும் போகலாம், அதுவும் தெரிந்துதான் இருக்கிறேன். எந்த வழியில் போனாலும் பணம் அவன் கையிலிருந்து போக வேண்டும். பிரேக் பிடிக்கவில்லை என்று மூன்று தடவை சொன்னேன் அக்கா என்று டிரைவர் காலில் கட்டோடு படுத்துக்கொண்டு அழுதார். ஒரு நாள் வண்டி நின்றால் வாடகையை உங்க அப்பனா தருவான் என்று முதலாளி கேட்டானாம். ஆஸ்பத்திரிச் செலவை அவன் பார்ப்பதால் இப்போது டிரைவரும் வாயைத் திறப்பதில்லை. அவனோ புது வேனுக்கு முன்பணம் கட்டிவிட்டான். அவன் வீட்டு வாசலில் ஜப்தி நோட்டீஸ் ஒட்டுவதை நான் எதிர்வாடையில் நின்று பார்க்க வேண்டும் தம்பி, பசை காயும்வரை நின்று பார்க்க வேண்டும். நான் இப்படி நினைப்பவள் என்று உனக்குத் தெரியாது, எனக்கே தெரியாது.

வேனில் ஆட்கள் உட்கார பெஞ்சே இருந்ததில்லை என்று சாதிக்கிறான். விபத்துக்கு மறுநாளே கழற்றி எடுத்துவிட்டான். போலீஸ் ஸ்டேஷன் பின்புறம் நிற்கும் வேனில் ஏறி, தளத்தில் நான்கு போல்ட் துளைகளை நான் தடவிப் பார்த்தேன். அவன் குடோனில் கிடந்த பெஞ்சைக் கம்பெனி அதிகாரி கண்டுபிடித்துக் கோர்ட்டில் ஒப்படைத்துவிட்டார், அது வீட்டுக்குச் செய்தது என்கிறான்.

நீ நீண்ட ஆயுளோடு, யாருக்கும் தலைகுனியாமல் வாழ வேண்டும். விசா தேதியை மறக்காமல் புதுப்பித்துக்கொள். இனி மறைக்க எனக்குத் தெம்பில்லை. அப்பா முன்சீட்டில் டிரைவர் பக்கத்தில் இருந்தார் என்று உன்னிடம் எல்லோரும் சொன்னோம், அது பொய். நீ கிளம்புவதற்கு முந்தின மாதம் அவர் பலகை இழைக்க, நீ இரும்புச் சட்டம் பற்றவைத்துக் கொடுத்தாயே, அந்த பெஞ்சில்தான் உட்கார்ந்திருந்தார். உன் வெல்டிங் விடவில்லை. கோர்ட்டில் இரண்டு கையாலும் பிடித்து ஆட்டிப் பார்த்தேன், அசையவில்லை. வண்டிதான் கவிழ்ந்தது. பெஞ்சைச் செய்தவரே அதில் போனார் என்றால் அவர் மேலும் தப்பு வரும், தொகை குறையும் என்கிறார் வக்கீல். குறையட்டும். எந்த வண்டிக்குச் செய்தது என்று சொல்ல இப்போது நீ ஒருவன்தான் இருக்கிறாய். அங்கிருந்தே வீடியோவில் சொன்னால் போதுமாம். எனக்குப் போதாது. லீவு போட்டு வா தம்பி. அவன் முகத்துக்கு நேராக நின்று, அந்த பெஞ்சில் கை வைத்து, "இது நான் செஞ்சது, இவர் வேனுக்குச் செஞ்சது" என்று நீ சொல்ல வேண்டும்.

இப்படிக்கு,
உன் சித்தி