ஏ.சி. பெட்டிக்குப் பின்னால் ஒரு நாடு இருப்பது குறித்து

அனுப்புநர்:
தங்கள் வாரியத்தால் "பணிவு இல்லாதவர்" என்று குறிக்கப்பட்ட விண்ணப்பதாரரின் மாமியார்,
நீதிமன்றத் தட்டச்சர் (ஓய்வு),
கடைசி வீடு, மாடி,
தண்ணீர்த் தொட்டித் தெரு.

பெறுநர்:
உயர்திரு ஆணையர் அவர்கள்,
பணியாளர் தேர்வு வாரியம்.

பொருள்: துறைமுகப் பயணியர் தகவல் மையப் பணி – பொது அறிவு நேர்முகத் தேர்வு – நியூசிலாந்து இருக்கும் இடத்தைச் சரியாகக் காட்டிய குற்றத்துக்காக என் மருமகளுக்கு விதிக்கப்பட்ட தண்டனையை ரத்து செய்யக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம்.

1. மருமகளுக்காக மாமியார் மனுப் போடுவதா என்று தங்கள் அலுவலகத்தில் சிரிப்பார்கள். தாராளமாகச் சிரிக்கட்டும். அவளை எழுதவிட்டால் வரிக்கு வரி "தயவுசெய்து" என்று எழுதுவாள். எனக்கு அந்த வியாதி கிடையாது. அவள் துணி காயப்போடும் லட்சணம் முதல் கதவைச் சாத்தும் சத்தம் வரை எனக்கு அவள்மேல் ஆயிரம் குறை உண்டு. ஆனால் அவற்றைச் சொல்ல எனக்குத்தான் உரிமை. தங்கள் குழுவுக்கு இல்லை.

2. என் மகன் வேலை பார்த்த தொழிற்சாலை மூடப்பட்டுவிட்டது. என் மருமகள் மேற்படி தகவல் மையத்தில் தற்காலிகப் பணியில் இருக்கிறாள். அதுவும் இந்த மாதக் கடைசியோடு முடிகிறது. நிரந்தரமாக வேண்டுமானால் உலக நாடுகளின் வரலாறும் புவியியலும் தெரிந்திருக்க வேண்டும் என்பது வாரியத்தின் விதி. நல்ல விதிதான், குறை சொல்லவில்லை. எனக்கு அந்தப் பாடம் அறவே வராது. கிரீன்லாந்து பச்சையாக இருக்கும் என்றே நெடுநாள் நம்பியிருந்தேன். ஆனாலும் நான் காய் நறுக்கியபடி புத்தகத்தைப் பார்த்துக் கேள்வி கேட்பேன். அவள் பாத்திரம் தேய்த்தபடி தலைநகரங்களைச் சொல்வாள். எழுத்துத் தேர்வில் முதல் வரிசையில் தேறினாள்.

3. பிறகு நேர்முகத் தேர்வு. குழுவில் மூவர். கேள்வி கேட்பவர் ஒருவர், அவர் சொல்வதற்கெல்லாம் தலையாட்டுபவர் ஒருவர், தூங்குபவர் ஒருவர். இம்மூவரில் தூங்கியவர்மேல் மட்டும் எனக்குப் புகார் இல்லை.

4. நாடு முழுவதற்கும் முதன்முதலில் பெண்களுக்கு வாக்குரிமை தந்த நாடு எது என்று தலைவர் கேட்டிருக்கிறார். நியூசிலாந்து, 1893 என்று என் மருமகள் சொல்லியிருக்கிறாள். "சரி" என்று முழு மதிப்பெண் போட்டிருக்கிறார். அடுத்து, சுவரில் ஒட்டியிருக்கும் உலக வரைபடத்தில் அந்த நாட்டைக் காட்டச் சொல்லியிருக்கிறார். அவள் எழுந்து போய்ப் பார்த்தால் ஆஸ்திரேலியா இருக்கிறது. அதற்கு வலப்பக்கம் கொஞ்சம் கடல் இருக்கிறது. அதற்கப்பால் ஏ.சி. பெட்டி இருக்கிறது. அவள் பெட்டியைத் தொட்டுக் காட்டி, "இதுக்குப் பின்னாடி இருக்குதுங்க ஐயா" என்று பணிவாகவே சொல்லியிருக்கிறாள்.

5. அதற்குத் தலைவர், "ஏம்மா, மேப்புல இல்லாத நாட்டை நீ எங்கேருந்து கொண்டு வர்றே? எங்களைக் கிண்டல் பண்றியா?" என்று கத்தியிருக்கிறார். தலையாட்டுபவர் ஆட்டியிருக்கிறார். கத்தலில் மூன்றாமவரும் விழித்துக்கொண்டு, என்ன ஏது என்று கேட்காமலே "அதானே!" என்றிருக்கிறார். புவியியலுக்குப் பூஜ்யம். கூடவே, "குழுவை ஏளனம் செய்தார், பணிவு இல்லாதவர்" என்று ஒரு குறிப்பு. அந்தக் குறிப்பு இருந்தால் இனி எந்தக் காலத்திலும் வாரியத்தின் எந்தத் தேர்வையும் அவள் எழுத முடியாதாம்.

6. ஐயா, எனக்கு ஒரு சந்தேகம். நான்காம் பத்தியில் வாக்குரிமை தந்த நாடு ஐந்தாம் பத்தியில் எப்படி இல்லாமல் போயிற்று? அந்தப் பெண்கள் எல்லாரும் நடுக்கடலில் நீந்திக்கொண்டா வாக்களித்தார்கள்? முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறேன். ஒரு முழு நாட்டை ஏ.சி.க்குப் பின்னால் மறைத்தவர்களை இப்போதுதான் பார்க்கிறேன்.

7. கேட்டதை வைத்து மட்டும் எழுதவில்லை. மறுநாளே நேரில் வந்து அந்த அறையைப் பார்த்தேன். கதவைத் திறந்துவிட்ட அலுவலக உதவியாளர் உள்ளதை உள்ளபடி சொன்னார்: "அந்த மூலையில ஏதோ தீவுகீவு இருந்துச்சும்மா. ஏ.சி. மாட்ட வந்தப்ப மெக்கானிக் பிளேடால அறுத்து எடுத்துட்டாரு. ஐயாவுக்கு வேர்க்குமில்ல?" ஐயாவுக்கு வேர்க்கக் கூடாது என்பதற்காக ஐம்பது லட்சம் பேர் வாழும் நாடு காலி செய்யப்பட்டிருக்கிறது. எந்தப் படையெடுப்பும் இவ்வளவு சுலபமாக நடந்திருக்காது.

8. மிச்சமிருக்கும் உலகமாவது சரியாக இருக்கிறதா என்றால் அதுவும் இல்லை. அந்தச் சுவரில் சோவியத் ஒன்றியம் இன்றும் ஆரோக்கியமாக இருக்கிறது. ஜெர்மனி இரண்டாகவே இருக்கிறது. நைஜீரியாவின் தலைநகர் லாகோஸை விட்டு அபுஜாவுக்கு இன்னும் நகரவில்லை. பொது அறிவைச் சோதிப்பவர்களின் அறைக்குள் இத்தனை ஆண்டுகளாகப் பொது அறிவு அனுமதிக்கப்படவே இல்லை போலும்.

9. இனிதான் முக்கியமான விஷயம். என் மருமகளுக்கு முன்னால் இதே கேள்விக்குப் பதில் சொன்ன அனைவரும் தேறியிருக்கிறார்கள். எப்படி என்று விசாரித்தேன். ஆஸ்திரேலியாவுக்குக் கீழே ஒரு சின்னத் தீவு இருக்கிறது. அதன் பெயர் டாஸ்மேனியா, ஆஸ்திரேலியாவைச் சேர்ந்தது. ஏ.சி. பெட்டியிடமிருந்து தப்பித்த தீவு. அதைத் தொட்டு "இதுதான் நியூசிலாந்து" என்றால் குழு மகிழ்ந்து மதிப்பெண் போடுகிறது. இது ஊரறிந்த ரகசியம். பயிற்சி வகுப்பு ஆசிரியரே, "வாரியத்துல கேட்டா குட்டித் தீவைக் காட்டு, வெளியில கேட்டா சரியானதைக் காட்டு" என்று சொல்லித்தான் அனுப்புகிறார். அப்படித் தேறியவர்கள்தான் இன்று தகவல் மையத்தில் உட்கார்ந்து பயணிகளுக்கு வழி சொல்கிறார்கள். பயணிகள் பத்திரமாக ஊர் போய்ச் சேரட்டும்.

10. என் மருமகளுக்கும் இந்த வித்தை தெரியும். பின் ஏனடி காட்டவில்லை என்று அன்று அவளைக் கண்டபடி திட்டினேன். "விரலைக் கொண்டு போனேன் அத்தை. கிட்டப் போனதும் கை வரலை" என்றாள். அதற்குமேல் எனக்குத் திட்ட வாய் வரவில்லை. அன்றைக்கு அவளை நினைத்து எனக்குப் பெருமையாக இருந்தது. இதை அவளிடம் சொல்லவில்லை, தங்களிடம் சொல்கிறேன்.

11. வாரியம் இப்போது பெருந்தன்மையோடு ஒரு வழி சொல்லியிருக்கிறது. "இல்லாத நாட்டை இருப்பதாகக் காட்டிக் குழுவை அவமதித்தேன், மன்னிக்கவும்" என்று எழுதிக் கையெழுத்திட வேண்டும். குறிப்பை நீக்கி, வரும் திங்கட்கிழமை அதே அறையில், அதே சுவரில், அதே கேள்வியை மறுபடி கேட்பார்களாம். திருடனே, திருட்டுக் கொடுத்தவனைப் பார்த்து "என்னிடம் மன்னிப்புக் கேள்" என்று சொல்லும் நியாயம் இது. என் காலமெல்லாம் எத்தனையோ பேருடைய வழக்குகளைத் தட்டச்சு செய்திருக்கிறேன். இப்படி ஒரு தீர்ப்பை என் விரல்கள் அடித்ததில்லை.

12. ஆகவே, அந்த ஏ.சி. பெட்டியைக் கழற்றி அறுபட்ட மூலையையோ, கழற்ற மனம் வராவிட்டால் கடையில் விற்கும் புதிய வரைபடம் ஒன்றை வாங்கிப் பிரித்து அதையோ, தாங்களே நேரில் பார்த்துவிட்டு, என் மருமகளின் பெயருக்கு எதிரே உள்ள குறிப்பை நீக்கி, அவளுக்கு உரிய மதிப்பெண்ணை வழங்கி, மன்னிப்புக் கடிதம் தேவையில்லை என்று திங்கட்கிழமைக்கு முன் ஆணையிடுமாறு வேண்டுகிறேன். பூனை கண்ணை மூடிக்கொண்டால் உலகம் இருண்டுவிடாது என்பதைக் குழுவினருக்கும் எழுத்து மூலம் தெரிவிக்கலாம்.

13. அவசரம் ஏன் என்று தாங்கள் கேட்கக்கூடும். நேற்று மாலை நான் கடைக்குப் போய்த் திரும்பியபோது, என் மருமகள் சாப்பாட்டு மேசையில் வரைபடத்தை விரித்துவைத்து உட்கார்ந்திருந்தாள். கண்ணை மூடுவாள், திறப்பாள், விரலை நேராகக் கொண்டுபோய் டாஸ்மேனியாவின்மேல் வைப்பாள். மறுபடி மூடுவாள். முதலில் விரல் தயங்கியது. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அந்தத் தயக்கம் குறைந்துவிட்டது. என்னைக் கண்டதும், "இப்ப சரியா வைக்கிறேனா அத்தை?" என்று கேட்டாள். உடனே அறைக்குள் போய் இந்த மனுவை எழுதத் தொடங்கினேன். ஐயா, எங்கள் வீட்டுப் பெண் எதையும் சீக்கிரம் கற்றுக்கொள்வாள். தாங்கள் அதைவிடச் சீக்கிரம் செயல்பட வேண்டும்.

இடம்: விண்ணப்பதாரரின் வீடு
நாள்: மேற்படி திங்களுக்கு முந்தைய வியாழன்

இதுவரை மரியாதை குறையாத,
(ஒப்பம்)
விண்ணப்பதாரரின் மாமியார்