டிஃபரன்ஷியல் லாக்

புரட்டாசி, புதன் இரவு. செஞ்சி.

கண்ணை மூடினால் டிராக்டர் இன்னும் நேராகப் போய்க்கொண்டே இருக்கிறது.

வல்லத்தில் மச்சான் ஏழுமலை சேற்றுழவு ஓட்டும்போது வண்டி மாட்டிக்கொண்டது. ஒரு பின்சக்கரம் வெறுமனே சுழன்றது, மற்றது அசையவில்லை. புது டிராக்டரின் கையேட்டை முழுதாகப் படித்தவன் குடும்பத்தில் நான் ஒருவன்தான். வரப்பில் நின்று விளக்கினேன். திருப்பத்தில் இரு சக்கரங்களும் வெவ்வேறு வேகத்தில் சுழல விடுவது டிஃபரன்ஷியல். ஒன்று வழுக்கினால் லாக் பெடலை மிதிக்க வேண்டும், இரண்டும் சேர்ந்து சுழலும். திரும்பும் முன் காலை எடுத்துவிட வேண்டும்.

“அப்ப நீயே ஏறி ஓட்டு மாமா,” என்றான்.

ஏறி மிதித்தேன். வண்டி மெல்ல எழுந்து வந்தது. தேங்கிய நீரில் மலை தலைகீழாக மிதந்தது. அதைப் பார்த்தபடியே போனேன், காலை எடுக்கவில்லை. மூலையில் ஸ்டியரிங்கை முழுக்க ஒடித்தேன். முன்சக்கரங்கள் திரும்பின. வண்டி மட்டும் அவசரமே இல்லாமல் நேராக வரப்பேறி இறங்கி, பக்கத்து நிலத்துக் கன்னியம்மாவின் நாற்றங்காலில் பாதியை அழுத்திவிட்டு நின்றது. நாளை நட வேண்டிய நாற்று.

“இன்னா சார், திண்டிவனத்துக்குக் குறுக்கு வழியா?” என்றார் கன்னியம்மா.

எங்கள் நாற்றில் பாதியைத் தருவதாக ஏழுமலை சொன்னான்.

“நாத்து நீ குடுத்துடுவ. புடுங்கி நட ஆளு யாரு? சார வரச் சொல்லு.”

காலை ஆறு மணிக்குப் போக வேண்டும். குனிந்தபடி பின்னால் பின்னால் நகர்ந்து நட வேண்டுமாம். பின்னால் இருப்பது யார் நிலம் என்று கேட்க மறந்துவிட்டேன்.