உம்மு ராமிஸ் நிறுத்திய படம்

நாப்லுஸ்,
அக்டோபர் 14

அன்புள்ள சுஹைலா அக்காவுக்கு,

சிலியில் நீயும் அத்தானும் பிள்ளைகளும் நலம்தானே? இங்கே ஆலிவ் பறிப்பு தொடங்கிவிட்டது. சித்தப்பாவின் தோட்டத்துக்குப் போகும் பாதையை மட்டும் ராணுவம் இன்னும் திறக்கவில்லை. தினமும் காலையில் போய் நின்றுவிட்டுத் திரும்பி வருகிறார்.

நேற்று மதியம் நடந்ததிலிருந்து நான் இன்னும் மீளவில்லை அக்கா.

நான் இயக்கி நடித்த படத்தை, வெளிநாட்டில் பரிசு வாங்கிய அதே படத்தை, அகதி முகாமின் பெண்கள் மையத்தில் திரையிட்டேன். எட்டு வருடமாக அங்கே பெண்களுக்கு நடிப்பும் கேமராவும் சொல்லித் தருகிறேன். அவர்களுக்குத்தான் முதலில் காட்டியிருக்க வேண்டும். மகன் சுடப்பட்ட செய்தி கேட்டு நான் தரையில் புரண்டு அலறும் காட்சி வந்தது. அந்த நாலு நிமிடத்துக்காகத்தான் என்னைப் பெரிய நடிகை என்றார்கள்.

முன்வரிசையில் உம்மு ராமிஸ் எழுந்து, "நிறுத்துங்க" என்றார். அவருடைய மகன் ராமிஸ் போன குளிர்காலத்தில் சோதனைச் சாவடியில் செத்துப்போனவன்.

"பொண்ணே, என் பையன் செத்துட்டான்னு வந்து சொன்னப்ப நான் கத்திரிக்காய் பொரிச்சுக்கிட்டிருந்தேன். அடுப்பை அணைக்கல. மிச்சத் துண்டையும் திருப்பிப் போட்டேன். வீட்டுக்கு ஆள் வருமே, சாப்பாடு வேணுமே!"

சொல்லித் தருகிறவளை அவமானப்படுத்தாதே என்று பக்கத்திலிருந்தவர்கள் அவர் கையைப் பிடித்து இழுத்தார்கள். "அவமானம் என்ன இதுல? நல்லாத்தான் அழுதா. ஆனா பாக்கறவங்களுக்காக அழுதா" என்றார்.

எனக்கு முகத்தில் அறைந்தது போலிருந்தது. அதைவிட அதிர்ச்சி அடுத்து வந்தது. பின்னாலிருந்து ஒருத்தி, "இவ கத்திரிக்காய் கருகாம இருந்தது அன்னைக்கு ஒரு நாள்தான்!" என்றாள். அறை முழுக்கச் சிரிப்பு. உம்மு ராமிஸும் சிரித்தார், கண்ணைத் துடைத்துக்கொண்டே. பிறகு படத்தை யாரும் கேட்கவில்லை. தன் வீட்டுக்குச் சாவுச் செய்தி வந்த நேரத்தில் தான் என்ன செய்துகொண்டிருந்தாள் என்று ஒவ்வொருத்தியும் சொன்னாள். ஒருத்தி மகனின் ஈரச் சட்டையைக் கொடியில் உலர்த்திக்கொண்டே இருந்திருக்கிறாள். யாருமே தரையில் புரளவில்லை.

இன்று காலை தயாரிப்பாளர் தவ்ஃபீக்குக்குப் போன் செய்து, அந்தக் காட்சியை எடுத்துவிடுகிறேன் என்றேன். "பைத்தியமா உனக்கு? அடுத்த மாசம் விழா! அந்த அழுகைக்காகத்தான் படத்தையே கேட்டாங்க" என்று கத்தினார். அப்படியானால் படம் விழாவுக்குப் போக வேண்டாம் என்று போனை வைத்துவிட்டேன்.

பிறகு உம்மு ராமிஸ் வீட்டுக்குப் போனேன். அதற்குப் பதிலாக எடுக்கும் காட்சியில் நீங்களே நடிக்கிறீர்களா என்றதற்கு, "ஒரு தடவை பட்டது போதும். நீயே கத்துக்கோ" என்று கத்தியையும் கத்திரிக்காயையும் என் பக்கம் தள்ளினார். நறுக்கிக்கொண்டிருக்கும்போது, என் வீட்டில் யார் போனது என்று கேட்டார். தம்பி சிராஜ் என்றேன். "அன்னைக்கு உன் அம்மா என்ன செஞ்சா?"

எனக்குத் தெரியவில்லை அக்கா. அன்று நான் வெளிநாட்டில், மர்சேயில் நாடக மேடையில் இருந்தேன். நான்காம் நாள் வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. மூன்று படங்களில் பிள்ளையைப் பறிகொடுத்த தாயாக நடித்துவிட்டேன். நம் அம்மாவை ஒருமுறைகூடக் கேட்கவில்லை. இனிக் கேட்கவும் முடியாது.

அன்று நீ சிலிக்குப் போயிருக்கவில்லை; சமையலறையில் அம்மாவோடு நீதான் இருந்தாய். போனில் கேட்டால் பேச்சை மாற்றிவிடுவாய், அதனால்தான் எழுதுகிறேன். படத்துக்காகக் கேட்கவில்லை. அல்லாஹ் உனக்கு மனத்தெம்பைத் தரட்டும். அம்மாவின் கைகள் அப்போது என்ன செய்துகொண்டிருந்தன என்று மட்டும் எழுது.

உன் தங்கை,
ருதைனா